துடைக்கிற துவக்கு வெடிக்கிறதில்லை

துப்பாக்கியைச் சுத்தம் செய்துகொண்டிருந்தபோது அது தவறுதலாக இயங்கியதில் ஒருவர் காயம். இப்படியொரு செய்தியை ஒருமுறையாவது வாசிக்காத ஆள் எங்கட நாட்டில இருக்க முடியாது. ஊரும் பதவியும் மாறும், வசனம் மாறாது. அந்த வசனத்தோட செய்தியும் முடிஞ்சிடும். பிறகு யாரும் ஒண்டும் கேக்கிறதில்லை.

எனக்கு அந்த வசனத்தோடதான் பிரச்சினை. ஒரு பிஸ்டலைத் துடைக்க வேண்டுமென்றால் முதலில் அதைக் கழற்ற வேண்டும். வழமையான துடைப்புக்குக் கழற்றினால் கைபிடியுள்ள சட்டகம், மேலே முன்னும் பின்னும் ஓடுகிற ஸ்லைட், குழல், சுருள்வில் என்று நாலு பெரிய துண்டுகள் மேசையில் கிடக்கும். ரவைக்கூடு வேறாக இருக்கும். அந்த நிலையில் அது வெடிக்காது, வெடிக்க வழியே இல்லை. வெடித்ததென்றால் கழற்றுவதற்கு முந்தைய ஒரு நிமிடத்தில், அல்லது திரும்பப் பூட்டிய பிறகுதான் வெடித்திருக்க வேண்டும். அந்த நேரத்தில் அநேகமாக ஒரு மனிதரின் விரல் விசையில் இருந்திருக்கும். "இயங்கியது" என்கிற சொல் அந்த விரலை அப்படியே மறைச்சுப்போடுது. தமிழில் இதுக்கு வசதி கூட. சுட்டவர் இல்லாமலே சூடு விழும், வெடித்தவர் இல்லாமலே வெடி வெடிக்கும்.

துவக்கே பிடிக்காத உனக்கு இதெல்லாம் எப்பிடித் தெரியும் எண்டு கேப்பீங்கள். அமெரிக்காவில, டெக்சாஸில இருக்கிற என்ர பெரியம்மாவின் மகன் ஒரு குளொக் 19 வைத்திருக்கிறார். அங்கே அது கடையில் வாங்கக்கூடிய சாமான். நான் போய் நின்ற ஒரு இரவு, சாப்பாடு முடிய, குசினி மேசையில் பழைய துவாயொன்றை விரித்துத் துடைக்க உட்கார்ந்தார். எண்ணெய்ப் போத்தல், சின்ன பிரஷ், வெட்டின பருத்தித் துணித் துண்டுகள். ஏதோ தையல் மெஷின் கழற்றுவது போலத்தான் இருந்தது.

"இஞ்ச பார் தங்கச்சி, லேசு" என்று காட்டினார். முதலில் ரவைக்கூட்டை வெளியே எடுத்தார். பிறகு ஸ்லைடைப் பின்னுக்கு இழுத்துத் திறந்து பிடித்து, குழலின் பின்பக்கத்தில் ரவை இருக்கும் அறையைக் கண்ணால் பார்த்தார், சின்ன விரலை விட்டும் தடவினார். பிறகு ஸ்லைடை மூடி என்னிடம் நீட்டினார். "இப்ப விசையை இழு."

ஏன் இழுக்க வேணும்? கழற்றத்தானே போறம்?

"இழுத்தாத்தான் கழரும்."

சுவரைப் பார்த்துப் பிடித்து இழுத்தேன். டிக். அவ்வளவுதான். பிறகு ஸ்லைடைச் சில மில்லிமீற்றர் பின்னுக்கு இழுத்து, இரண்டு பக்கமும் இருக்கிற சின்னப் பூட்டைக் கீழே அழுத்த, மேல்பாகம் முன்னுக்கு வழுக்கிக் கழன்று வந்தது. நல்ல கெட்டித்தனமான அமைப்பு, அதை மறுக்க ஏலாது.

படுக்கப் போன பிறகுதான் எனக்கு உறைச்சது. நான் குறிவைத்த சுவருக்கு அந்தப் பக்கம் பிள்ளைகளின் அறை. அமெரிக்க வீடுகளின் உட்சுவர் எங்கட கல்வீட்டுச் சுவர் மாதிரி இல்லை. மரச்சட்டத்தில் இரண்டு பக்கமும் ஜிப்சம் பலகை அறைந்தது. 9 மில்லிமீற்றர் சன்னம் அப்படிப் பல சுவர்களை ஊடறுத்துப் போகும். அறை வெறுமை என்று அண்ணா பார்த்தவர்தான், தடவினவர்தான். ஆனால் அந்த "டிக்"குக்கும் பிள்ளைகளின் கட்டிலுக்கும் நடுவில் இருந்தது அவருடைய ஞாபகம் மட்டும்தான்.

ஞாபகம் எந்த இடத்தில் பிசகும் என்பதும் எல்லாருக்கும் தெரிந்ததுதான். ரவைக்கூட்டைக் கழற்ற முதல் ஸ்லைடை இழுத்தால், அறையில் இருந்த ரவை வெளியே விழும். பார்க்கிறவருக்கு "சரி, எடுத்தாச்சு" என்று தோன்றும். ஆனால் ஸ்லைட் திரும்பி மூடும்போது ரவைக்கூட்டில் இருந்து அடுத்த ரவையை உள்ளே தள்ளிவிடும். அதுக்குப் பிறகு ரவைக்கூட்டைக் கழற்றினால் கையில் இருப்பது வெறும் துவக்கு என்ற நினைப்பும், உள்ளே ஒரு ரவையும். செய்த வேலை இரண்டும் அதே இரண்டு வேலைதான், வரிசை மட்டும் மாறிப்போச்சு. நித்திரைத் தூக்கத்தில், ஃபோன் கதைத்துக்கொண்டு, பழக்க தோசத்தில் எவருக்கும் மாறக்கூடிய வரிசை. அடுத்த படியாக விசையை இழு என்று அந்தத் துவக்கே கேட்கிறது.

குளொக் ஏன் அப்படிக் கேட்கிறது? உள்ளே இருக்கிற அடிக்கும் ஊசி, ஸ்லைடை இழுத்து மூடினால், விசையை இழுக்கும்வரை பாதி இழுபட்ட நிலையில் நிற்கும். விசையோடு தொடுத்த தகடொன்று அதை முன்னுக்குப் போகவிடாமல் மறித்துக்கொண்டிருக்கும். ஸ்லைட் முன்னுக்கு வழுக்கிக் கழர வேண்டுமென்றால் ஊசி அந்தத் தகட்டைத் தாண்டியிருக்க வேண்டும், ஊசியை விடுவிக்க விசையை இழுக்க வேண்டும். காஸ்டன் குளொக் அதுக்கு முதல் துவக்குச் செய்த ஆள் இல்லை. திரைச்சீலைக் கம்பியும் கத்தியும் செய்துகொண்டிருந்தவர். 1982இல் ஒஸ்திரிய இராணுவம் அவருடைய குளொக் 17ஐ ஏற்றுக்கொண்டது. உதிரிப்பாகங்கள் குறைவு, விலை குறைவு, கெட்டுப்போகிறதும் குறைவு. கீழே விழுந்தால் வெடிக்காமல் இருக்க உள்ளே தனித்தனிப் பாதுகாப்புகளும் வைத்தார். அவ்வளவு யோசித்த மனிதர் கழற்றுகிற இடத்தில் மட்டும் பாரத்தை முழுக்க எங்கட தலையில போட்டிட்டார்.

வேறு வழி இல்லாமல் அப்படிச் செய்ததாக வைத்துக்கொள்ள முடியாது. ஜோன் பிரவுனிங் வடிவமைத்த, 1911இல் அமெரிக்க இராணுவம் எடுத்துக்கொண்ட பிஸ்டலைக் கழற்ற விசையைத் தொடவே தேவையில்லை. 1985இல் அதே இராணுவம் மாற்றி எடுத்த பெரெட்டாவில் ஒரு பொத்தானை அழுத்தி ஒரு நெம்பைத் திருப்பினால் மேல்பாகம் கழரும். சிக் பி226இல் ஸ்லைடை முதலில் பின்னுக்கு இழுத்துப் பூட்டிவிட்டுத்தான் நெம்பைத் திருப்பலாம். அதனால் உள்ளறை கண்ணுக்கு முன்னால திறந்தே கிடக்கும், பார்க்காமல் இருக்க நினைத்தாலும் கண்ணில படும். எனக்குப் பிடிச்சது அந்த யோசனைதான். மறதிக்காரனையும் பார்க்க வைக்கிற அமைப்பு.

குளொக் போல ஊசியால் அடிக்கும் வகையிலேயே ஸ்மித் அன்ட் வெசன் 2005இல் எம் அன்ட் பி என்ற பிஸ்டலைக் கொண்டுவந்தது. ஸ்லைடைத் திறந்து பூட்டிவிட்டு, உள்ளே ஒரு சின்ன நெம்பைத் தட்டினால் விசையை இழுக்காமலே கழற்றலாம். இதில சிரிப்பு என்னவென்றால், அந்த நெம்பைத் தேடிக் குத்துவது கரைச்சல் என்று பலர் பழையபடி விசையை இழுத்தே கழற்றுகிறார்கள். மனிசரைத் திருத்த ஏலாது எண்டு விட்டுவிடலாம். நான் எடுத்துக்கொள்வது வேறு: நல்ல வழி கெட்ட வழியைவிட லேசாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் அது வழியே இல்லை. 2014இல் வந்த சிக் பி320 அதைத்தான் செய்தது. ரவைக்கூடு உள்ளே இருந்தால் கழற்றும் நெம்பு திரும்பவே திரும்பாது.

துவக்கு ஆக்கள் இதுக்குச் சொல்கிற பதிலும் எனக்குத் தெரியும். ஜெஃப் கூப்பர் என்ற அமெரிக்கப் பயிற்சியாளர் பரப்பின நாலு விதிகள்: எந்தத் துவக்கையும் ரவை ஏற்றினதாகவே நினை, அழிக்க விரும்பாத எதை நோக்கியும் வாயைத் திருப்பாதே, குறி கண்ணில் வரும்வரை விசையில் விரலை வைக்காதே, குறியும் அதுக்குப் பின்னால் இருப்பதும் என்னவென்று தெரிந்துகொள். இந்த நாலும் இருந்தால் எந்த அமைப்பும் ஆபத்தில்லை என்பார்கள். நல்ல விதிகள்தான். ஆனால் கழற்றுகிற நேரத்தில் குளொக் கேட்பதைப் பாருங்கள். ரவை இருக்கிறதாக நினைக்கச் சொன்ன அதே துவக்கை, ரவை இல்லையென்று நம்பி, சுடுகிற நோக்கமே இல்லாமல் இழுக்கச் சொல்கிறது. விதியை மீறாமல் கழற்ற ஒரே வழி, சன்னம் வந்தாலும் பரவாயில்லை என்கிற இடத்தைப் பார்த்து இழுப்பது. குசினிச் சுவர் அப்படிப்பட்ட இடம் இல்லை.

இன்னொரு பதிலில் உண்மை இருக்கிறது. இயந்திரப் பாதுகாப்பு கூடினால் மனிதன் அசட்டையாகிவிடுவான் என்பது. பிரவுனிங் ஹை-பவர் 1935இலேயே ரவைக்கூடு இல்லாவிட்டால் விசை வேலை செய்யாத மாதிரி வந்தது. அதில் பழகினவர் வேறொன்றைக் கையில் எடுத்து "கூடு இல்லை, பயமில்லை" என்று நினைத்தால் கதை முடிஞ்சுது. மேலே புகழ்ந்த பி320கூட, அமெரிக்க இராணுவம் அதைத் தெரிந்தெடுத்த அதே 2017இல், குறித்த கோணத்தில் கீழே விழுந்தால் வெடிக்கிறது என்ற சிக்கலில் மாட்டி, நிறுவனம் வாங்கினவர்களுக்கு விசையையும் உள்பாகங்களையும் இலவசமாக மாற்றிக்கொடுக்க வேண்டி வந்தது. ஓரிடத்தில் ஓட்டையை அடைத்தால் இன்னோரிடத்தில் திறக்கும். அதுக்காக முதலாவது ஓட்டையைத் திறந்தே வைக்கலாம் என்று வராது.

துடைப்பதைப் பற்றியும் ஒரு சொல். அண்ணா கிழமைக்கு ஒருக்கால் கழற்றுவார், சுட்டாலும் சுடாவிட்டாலும். தேவையே இல்லை. சுட்ட பிறகு குழலுக்குள் படிகிற கரியையும் உலோகத் துகளையும் அறைப் பக்கத்தில் இருந்து பிரஷ் விட்டு எடுத்து, துணி வெள்ளையாக வரும்வரை துடைத்து, ஸ்லைட் ஓடுகிற இடங்களில் சொட்டு எண்ணெய் வைத்தால் போதும். ஊசி ஓடுகிற துளைக்குள் எண்ணெய் விடவே கூடாது. அழுக்கைப் பிடித்து ஊசியை மந்தமாக்கும். குறைவான எண்ணெய்தான் குளொக்குக்கு நல்லது. மற்றபடி, ஒவ்வொரு கழற்றலும் இன்னொரு விசை இழுப்பு. கிழமைக்கு ஒன்றென்றால் வருசத்துக்கு 52 தரம் ஞாபகம் பிசகாமல் இருக்க வேணும். அதோட, பெரும்பாலான ரவைகளின் பிரைமரில் ஈயம் இருக்கும். அந்தக் கரியைச் சோறு சாப்பிடுகிற மேசையில் வைத்துத் துடைக்கிற பழக்கத்தை என்னவென்று சொல்ல.

எங்கட நாட்டில சாதாரண ஆள் ஒருவர் கைத்துப்பாக்கிக்கு அனுமதி எடுப்பது லேசில்லை. இங்கே துடைப்பவர்கள் அநேகமாகச் சம்பளத்துக்குத் துவக்குத் தூக்குகிறவர்கள். அவர்களுக்குப் பயிற்சி இருக்கிறது, மேலதிகாரி இருக்கிறார், பதிவேடு இருக்கிறது. அதனால்தான் அந்த வசனம் எனக்குக் கூடுதலாக எரிச்சலூட்டுகிறது. செய்தி எழுதுகிறவர் கேட்கக்கூடிய கேள்விகள் கஷ்டமானவை இல்லை. என்ன மாதிரித் துவக்கு? அதைக் கழற்ற விசை இழுக்க வேணுமா, இல்லையா? இழுக்கத் தேவையில்லாத வகை என்றால் விரல் அங்கே என்ன செய்தது? ரவைக்கூடு எங்கே இருந்தது? வாய் எந்தப் பக்கம் பார்த்தது, அந்தப் பக்கம் யார் இருந்தது? இதுகளைக் கேட்டால் சிலவேளை உண்மையாகவே விபத்து என்று தெரியவரும். சிலவேளை "சுத்தம் செய்தல்" என்பது பிறகு யோசித்துச் சொன்ன காரணம் என்றும் தெரியவரும். இரண்டையும் ஒரே வசனத்துக்குள்ள போட்டு மூடினால், முதலாவது ஆளுக்கும் அநியாயம்தான்.

அடுத்த நாள் காலமை தேத்தண்ணி குடிக்கேக்க சுவர் விசயத்தை அண்ணாவிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அந்தச் சுவரைப் பார்த்தார், பிறகு அண்ணியைப் பார்த்தார். அண்ணி ஒண்டும் சொல்லேல்ல. அந்த வாரமே மேசையை விட்டு வாகனக் கொட்டகைக்குப் போய்விட்டார். அங்கே ஒரு பெரிய வாளி நிறைய மணல், அதற்குள் வாயைச் சரித்துப் பிடித்துத்தான் இப்போது விசையை இழுக்கிறார். ரவைகள் வேறு அறையில். வாளி எதுக்கு எண்டு சின்னவள் கேட்டாளாம். பூக்கண்டு வைக்கப் போறன் எண்டு சொல்லியிருக்கிறார்.