கைமாறும் டப்பாக்கள்

தில்லியில் தீபாவளி என்றால் டிரை ஃப்ரூட் டப்பாதான். பிரிக்காமலே வீடு வீடாய்ச் சுற்றி, சில சமயம் கொடுத்தவருக்கே திரும்பி வந்துவிடும் :-)

என் கட்சி வேறு. பழைய தில்லி காரி பாவ்லியில் பாதாமும் முந்திரியும் வாங்கி, வீட்டிலேயே வெல்லப்பாகில் புரட்டிக் கொடுங்கள். கால் கிலோ பருப்புக்கு 100 கிராம் வெல்லம் போதும். பாகைத் தண்ணீரில் விட்டு உருட்டித் தட்டில் போட்டால் 'டங்'கென்று கேட்க வேண்டும். முன்பே இறக்கினால் பிசுபிசுக்கும். சுக்கு, மிளகு, ஏலம், வறுத்த பருப்பு சேர்த்துக் கிளறி, நெய் தடவிய தட்டில் கொட்டி, சூட்டோடு பிரித்து விடுங்கள்.

2020-ல் புவிசார் குறியீடு பெற்ற கோவில்பட்டிக் கடலை மிட்டாயும் பாகுப் பதத்தில்தான் நிற்கிறது. அந்தப் பதம் இங்கே பிறந்த பிள்ளைகளுக்கு நாம் காட்டாமல் யார் காட்டுவார்கள்? பக்கத்து வீட்டு பஞ்சாபி ஆன்ட்டியும் இதைக் கைமாற்ற மாட்டார். என்ன சொல்றீங்க?