இருபது கிலோவுக்கு மேல ரெண்டு

டிஸ்கி: நான் வக்கீல் இல்லை. ஆபீஸ்ல ஆணி புடுங்கற சாதாரண மென்பொருள் ஆசாமி.

போன வாரம் ஒரு நாள் லீவு போட்டு வக்கீலைப் பார்க்கப் போனேன். எனக்காக இல்லீங்க, எங்க தெருமுனையில இஸ்திரி போடற அக்காவுக்காக. அவங்க பையன் லோடு வேன் ஓட்டறவன். வெங்காய மூட்டைகளுக்கு நடுவுல 22 கிலோ கஞ்சா இருந்துச்சுன்னு பிடிச்சாங்க. பதினாலு மாசமா உள்ளே இருக்கான். "மூட்டையை ஏத்தினாங்க, ஓட்டிட்டு வந்தேன், உள்ளே என்ன இருந்துச்சுன்னு தெரியாது" என்கிறான். உண்மையா பொய்யான்னு எனக்கும் தெரியாது. அதைக் கண்டுபிடிக்க வேண்டிய விசாரணை இன்னும் ஆரம்பிக்கவே இல்லை.

வக்கீல் ஃபைலைப் புரட்டிட்டு சொன்னார்: "ரெண்டு கிலோ கம்மியா இருந்திருந்தா இந்நேரம் வெளியே வந்திருப்பான் சார்."

அது என்ன ரெண்டு கிலோ கணக்குன்னு வீட்டுக்கு வந்து சட்டத்தைத் தேடிப் படிச்சேன். 1985-ல் வந்த போதைப்பொருள் தடுப்புச் சட்டம். அதோட 37-வது பிரிவை 1989-ல் இறுக்கினாங்க. அஞ்சு வருஷமோ அதுக்கு மேலேயோ தண்டனை வரக்கூடிய எந்தக் குற்றமா இருந்தாலும் ஜாமீன் குதிரைக்கொம்புதான். 2001-ல் கொஞ்சம் தளர்த்தி, முக்கியமா 'வணிக அளவு' வழக்குகளுக்குன்னு சுருக்கினாங்க. ஹெராயினுக்கு 250 கிராம், கஞ்சாவுக்கு 20 கிலோ. அந்த அளவுக்கு 'மேல' இருந்தாதான் வணிக அளவு. சரியா 20 கிலோன்னா வராது. புரோகிராம் எழுதற மக்களுக்குப் புரியும், 'பெரியது'ங்கிறதுக்கும் 'பெரியது அல்லது சமம்'ங்கிறதுக்கும் எவ்வளவு வித்தியாசம்னு. நாம அதுல தப்பு பண்ணினா ஒரு பக்(bug) வரும். இங்க ஒருத்தன் வருஷக்கணக்கா உள்ளே இருப்பான்.

கோட்டைத் தாண்டிட்டா என்ன ஆகும்? அரசு வக்கீல் ஜாமீனை எதிர்த்தார்னா, நீதிபதிக்கு ரெண்டு விஷயத்துல திருப்தி வரணும். ஒண்ணு, இவன் குற்றவாளி இல்லைன்னு நம்ப நியாயமான காரணம் இருக்கணும். ரெண்டு, வெளியே விட்டா எந்தக் குற்றமும் செய்யமாட்டான்னு தோணணும். ரெண்டாவது ஜோசியம், விட்டுடுவோம். முதலாவதுதான் என்னைத் தூங்கவிடலை. குற்றவாளியா இல்லையாங்கிறது தீர்ப்பு. அதை சாட்சி விசாரிக்காம, குறுக்கு விசாரணை இல்லாம, ஜாமீன் மனுவிலேயே தேடச் சொன்னா எப்படி?

நம்ம பையன் கேஸையே எடுத்துக்குங்க. அவனோட ஒரே வாதம் "தெரியாது". ஆனா 35-வது பிரிவுப்படி தெரிஞ்சேதான் செஞ்சான்னு கோர்ட் அனுமானிக்கும். இல்லைன்னு சந்தேகத்துக்கு இடமில்லாம அவன்தான் நிரூபிக்கணும். எங்கே நிரூபிப்பான்? விசாரணையில. இன்னொண்ணும் இருக்கு. சட்டத்துல கஞ்சான்னா பூவும் காயும் உள்ள நுனிப்பகுதி. நுனியோட சேராத தனி இலையும் விதையும் கணக்குல வராது. அப்போ அந்த 22 கிலோவுல எது எவ்வளவு? அதையும் விசாரணையிலதான் கிளறணும். (ஹெராயின் மாதிரி சரக்குல கலந்த கலப்படத்தையும் சேர்த்தே எடை போடணும்னு 2020-ல் சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. அது தனிப் பதிவு போடற அளவுக்கு இருக்கு.)

"கஞ்சா கடத்தறவனுக்கு வக்காலத்தா?"ன்னு பின்னூட்டம் வரும், தெரியும். காலேஜ் ஹாஸ்டல்ல என் பக்கத்து ரூம்காரன் இந்தப் பழக்கத்தால மூணாவது வருஷத்தோட படிப்பை விட்டான். அவனுக்கு சப்ளை பண்ணினவன் மேல எனக்கு இரக்கம் கிடையாது. பெரிய கைகளுக்கு ஜாமீன் கொடுத்தா ஆள் கம்பி நீட்டிடுவான்ங்கிற பயமும் நியாயம்தான். ஆனா வேன்ல மாட்டறது யாரு? மூட்டையை ஏத்தி அனுப்பினவனா, ஓட்டிட்டு வந்தவனா?

சுப்ரீம் கோர்ட்டே இதுல ரெண்டு குரல்ல பேசுது. 2022-ல் ஒரு வழக்குல, ரொம்ப நாள் உள்ளே இருக்கான்ங்கிறது மட்டுமே 37-வது பிரிவைத் தாண்டக் காரணம் ஆகாதுன்னாங்க. 2023 மார்ச்சில் இன்னொரு பெஞ்ச், ஏழு வருஷத்துக்கு மேல உள்ளே இருந்த ஒருத்தருக்கு ஜாமீன் கொடுத்தது. அந்த நிபந்தனையை எழுத்துக்கு எழுத்து படிச்சா யாருக்குமே ஜாமீன் கிடைக்காது, விசாரணை அநியாயத்துக்கு இழுத்தா இந்தப் பிரிவு குறுக்கே நிக்க முடியாதுன்னு நீதிபதி ரவீந்திர பட் எழுதினார். சரி, எத்தனை வருஷம் ஆனா அநியாயம்? 1994-ல் தேங்கிக் கிடந்த வழக்குகளுக்காக ஒரு தடவை அஞ்சு வருஷம்னு கணக்கு சொன்னாங்க, பத்து வருஷத்துக்குக் குறையாத தண்டனை உள்ள குற்றங்களுக்கு. அஞ்சு வருஷம்!

நான் கேக்கறது ஒண்ணுதான். ஜாமீன் கிடையாதுன்னு சொல்ற அரசாங்கம் தனக்கும் ஒரு கெடு வச்சுக்கட்டும். ரெண்டு வருஷத்துல விசாரணையை முடி. முடியலைன்னா, தாமதம் அவனால வராத பட்சத்துல, 37-வது பிரிவு விலகட்டும், மத்த கேஸ் மாதிரி ஜாமீனைப் பாரு. குற்றப்பத்திரிகை போட 180 நாள், அரசு வக்கீல் கேட்டா ஒரு வருஷம் வரைக்கும்னு போலீசுக்குக் கெடு எழுதின அதே சட்டத்துல, விசாரணைக்கும் ஒரு வரி எழுத முடியாதா?

திரும்பி வரும்போது பஸ்ல அக்கா கேட்டாங்க: "தம்பி, அந்த ரெண்டு கிலோவுக்கு மட்டும் அபராதம் கட்டிட்டா விடமாட்டாங்களா?"

அடுத்த வாய்தா இருபத்திமூணாம் தேதி. மேனேஜர்கிட்ட இன்னொரு லீவு கேட்டிருக்கேன். நம்ம பதிவர்கள்ல வக்கீல்கள் இருந்தா, 2023 தீர்ப்பைக் காட்டி இங்கே ஜாமீன் வாங்கின அனுபவம் இருந்தா, பின்னூட்டத்துல சொல்லுங்க. பிரிண்ட் எடுத்துட்டுப் போறேன்.