பழி ஓரிடம், பாவம் ஓரிடம்: 'கால்பந்துப் போர்' என்ற பொய்

உலகக் கோப்பை நெருங்கினால் போதும், ஒரு துணுக்கு எங்கிருந்தாவது கிளம்பி வந்துவிடும். "ஒரு ஃபுட்பால் மேட்சுக்காகச் சண்டை போட்ட ரெண்டு நாடு எதுன்னு தெரியுமா?" எல் சால்வடோர், ஹோண்டுராஸ். 1969. நூறு மணி நேரம் நடந்த போர். கீழே வரிசையாகச் சிரிப்பு எமோஜிகள். இலக்கியம் படிக்கிற ஆளாக இருந்தால் கூடவே ரிஷார்ட் கபுஷ்சின்ஸ்கி பெயரையும் சேர்த்துக்கொள்வார். அந்த நூறு மணி நேரத்தில் செத்தவர்கள் இரண்டாயிரத்துக்கும் மேல், பெரும்பாலும் சாதாரண ஜனங்கள் என்பது மட்டும் துணுக்கில் வராது. வந்தால் சிரிக்க முடியாதே.

இந்தப் பெயரை நாம் கைவிட வேண்டும் என்பதுதான் என் கட்சி. ஒரு போருக்குத் தப்பான பெயர் வைத்துவிட்டார்கள் என்ற அகராதிச் சண்டை இல்லை இது. அந்தப் பெயர் சிலரைத் தப்பிக்க வைத்திருக்கிறது. அரை நூற்றாண்டாகத் தப்பிக்க வைத்துக்கொண்டிருக்கிறது.

முதலில் ஆட்டத்தைப் பார்த்துவிடுவோம். 1970 மெக்சிகோ உலகக் கோப்பைக்கான தகுதிச் சுற்று. ஜூன் 8 அன்று ஹோண்டுராஸின் தலைநகர் தெகுசிகல்பாவில் ஹோண்டுராஸ் 1-0 என ஜெயித்தது. ஜூன் 15 அன்று சான் சால்வடோரில் எல் சால்வடோர் 3-0. அன்றைய விதிப்படி கோல் கணக்குப் பார்ப்பதில்லை. ஆளுக்கு ஒரு வெற்றி என்றால் பொது மைதானத்தில் மூன்றாவது ஆட்டம். ஜூன் கடைசியில் மெக்சிகோ சிட்டியின் அஸ்டெகா மைதானத்தில், கூடுதல் நேரத்தில், மௌரிசியோ 'பிப்போ' ரோட்ரிகெஸ் அடித்த கோலில் எல் சால்வடோர் 3-2 என வென்றது. அதே நாட்களில் எல் சால்வடோர் அரசு ஹோண்டுராஸுடன் ராஜீய உறவை முறித்துக்கொண்டது. ஜூலை 14 அன்று அதன் விமானங்களும் தரைப்படையும் எல்லை தாண்டின.

இதை இப்படியே வரிசையாகச் சொன்னால் யாருக்கும் 'ஆமா, பந்துதான் காரணம்' என்றுதான் தோன்றும். கதையை ஜூன் 8-ல் ஆரம்பிக்கிறோம், அதுதான் வினை. கொஞ்சம் பின்னால் போங்கள்.

1967-ல் இரண்டு நாடுகளும் குடியேற்றம் பற்றி ஓர் ஒப்பந்தம் போட்டிருந்தன. 1969 ஜனவரியில் அது காலாவதியானபோது ஹோண்டுராஸ் புதுப்பிக்க மறுத்தது. ஏப்ரலில் ஹோண்டுராஸின் நிலச் சீர்திருத்த நிறுவனம், பிறப்பால் ஹோண்டுராஸ்காரர் என்று நிரூபிக்க முடியாதவர்கள் நிலத்தைக் காலி செய்ய வேண்டும் என்று அறிவித்தது. அதாவது நடுவர் முதல் விசிலை ஊதும் முன்பே வெளியேற்றும் உத்தரவு தயார்.

யாரை வெளியேற்ற? அப்போது ஹோண்டுராஸில் சுமார் 3 லட்சம் சால்வடோர்க்காரர்கள் இருந்தார்கள். வாழைத் தோட்டங்களில் கூலிக்குப் போனவர்கள், பிறகு சும்மா கிடந்த நிலத்தைத் திருத்தி மக்காச்சோளம் போட்டுப் பிழைத்தவர்கள். பல குடும்பங்கள் இரண்டு தலைமுறையாக அங்கே இருந்தன. பட்டா கிடையாது. கையிருப்பெல்லாம் உழைப்பு மட்டும்தான்.

ஏன் சொந்த நாட்டை விட்டு வந்தார்கள்? 1881-லும் 1882-லும் எல் சால்வடோர் அரசு கிராமங்களின் பொது நிலத்தைச் சட்டம் போட்டு ஒழித்தது. காப்பித் தோட்டம் வேண்டும், அதற்கு நிலம் வேண்டும், பறிக்கக் கூலியாள் வேண்டும். ஒரே சட்டத்தில் இரண்டும் கிடைத்தது: நிலம் போனவன் கூலியாள் ஆனான். நாட்டை ஆண்ட காப்பி முதலாளிகளை 'பதினான்கு குடும்பங்கள்' என்றே சொல்வது வழக்கம். 1932-ல் விவசாயிகள் எழுந்தபோது ஜெனரல் மார்ட்டினெஸின் ராணுவம் அவர்களைக் கொன்று குவித்தது. பத்தாயிரம் பேர் என்பவர்களும் உண்டு, முப்பதாயிரம் என்பவர்களும் உண்டு. அதற்கு 'லா மதான்சா' என்று பெயர், படுகொலை என்று அர்த்தம். இதற்குப் பிறகும் ஒரு விவசாயி எல்லையைத் தாண்டிப் போனால், அவன் என்ன மேட்ச் பார்க்கவா போனான்?

இனி ஹோண்டுராஸ் பக்கம். அங்கே ஏழைக்கு நிலம் கொடுக்க வேண்டிய நெருக்கடி அரசுக்கு வந்துவிட்டது. 1954-ல் நடந்த மாபெரும் வாழைத் தோட்ட வேலைநிறுத்தத்துக்குப் பிறகு தொழிலாளர்கள் பேசப் பழகிவிட்டார்கள். 1962-ல் நிலச் சீர்திருத்தச் சட்டமும் வந்தது. ஆனால் நிலத்தை எங்கிருந்து எடுப்பது? யுனைடெட் ஃப்ரூட் கம்பெனியிடம் கை வைக்க முடியாது. பெரிய பண்ணையார்களோ 1966-ல் தங்களுக்கென்று ஒரு கூட்டமைப்பே வைத்துக்கொண்டார்கள். அவர்கள் விரல் நீட்டிய திசையில் சால்வடோர்க்காரன் நின்றுகொண்டிருந்தான். ஏழையிடமிருந்து பிடுங்கி ஏழைக்குக் கொடுத்துவிட்டு அதற்குச் சீர்திருத்தம் என்று பெயர் வைக்க முடிந்தது. ஜெனரல் லோபெஸ் அரெயானோவுக்கு அது ரொம்ப வசதி.

எல்லைக்கு அந்தப் பக்கம் ஜெனரல் சான்செஸ் எர்னாந்தெஸுக்குப் பயம். விரட்டப்பட்டவர்கள் பல்லாயிரக் கணக்கில் திரும்பி வந்தால் நிலம் கேட்பார்கள். கேட்டால் பதினான்கு குடும்பங்கள் என்ன சொல்லும்? சொந்த நாட்டில் நிலத்தைப் பங்கு போடுவதை விடப் பக்கத்து நாட்டின் மேல் படையெடுப்பது அவருக்குச் சுலபமாக இருந்தது. போரின் அடியில் இருந்த கணக்கு இதுதான். இதில் பந்து எங்கே இருக்கிறது?

கபுஷ்சின்ஸ்கிக்கு வருவோம். 1978-ல் போலிஷ் மொழியில் வந்த அவருடைய புத்தகத்தின் தலைப்பேதான் 'கால்பந்துப் போர்'. தோல்வி தாங்காமல் தற்கொலை செய்துகொண்ட பதினெட்டு வயதுப் பெண், விடுதிக்கு வெளியே விடிய விடிய ஹாரன் அடித்த ரசிகர்கள் என்று அதில் காட்சிகள் மின்னும். 2010-ல் வந்த டொமோஸ்லாவ்ஸ்கியின் வாழ்க்கை வரலாற்றுக்குப் பிறகு அவருடைய 'நேரில் கண்ட' விஷயங்களில் எவ்வளவு நிஜம் என்ற கேள்வி பெரிதாகிவிட்டது. எனக்கு அதை விட வேறொன்றுதான் உறுத்துகிறது. அதே கட்டுரையின் கடைசிப் பக்கங்களில் அவர் நிலத்தைப் பற்றி எழுதியிருக்கிறார். பதினான்கு குடும்பங்கள், வாழைக் கம்பெனி, 3 லட்சம் குடியேறிகள், எல்லாம் அங்கே இருக்கிறது. யாரும் அந்தப் பக்கங்களை மேற்கோள் காட்டுவதில்லை. அந்தப் பெண்ணைக் காட்டுகிறார்கள். தலைப்பைக் காட்டுகிறார்கள். கட்டுரையை எழுத்தாளரே தன் தலைப்பால் தோற்கடித்துவிட்டார் என்றால் அவர்மேலும் எனக்குக் கொஞ்சம் கோபம் உண்டு. பாதியில் புத்தகத்தை மூடிய நம்மேல் அதைவிட அதிகம்.

"சரி, பந்து இல்லைன்னா ஜனத்தொகை. சின்ன நாட்டுல கூட்டம் ஜாஸ்தி" என்று சொல்பவர்கள் அடுத்து வருவார்கள். ஹோண்டுராஸ் எல் சால்வடோரைப் போல ஐந்து மடங்கு பெரியது, ஆனால் 1969-ல் மக்கள்தொகையில் சிறியதாக இருந்தது. உண்மைதான். ஆனால் மானிடவியலாளர் வில்லியம் டர்ஹாம் 1979-ல் எழுதிய புத்தகத்தில் இந்த வாதத்தையும் பிரித்துப் போட்டார். விவசாயிக்கு நிலம் போதாமல் போனதற்குத் தலை எண்ணிக்கை கூடியதை மட்டும் காரணமாகச் சொல்ல முடியாது, நிலம் சிலரிடம் குவிந்ததைப் பார்க்க வேண்டும் என்றார். ஆளில்லாத ஹோண்டுராஸிலும் ஏழைக்கு நிலம் இல்லை என்பதை வைத்தே இதைப் புரிந்துகொள்ளலாம்.

கால்பந்து முழுக்க நிரபராதி என்று நான் சாதிக்கவில்லை. அந்த மூன்று ஆட்டங்களும் ஒரு கூட்டத்தைத் திரட்டின, கையில் கொடி கொடுத்தன. சான் சால்வடோரில் ஹோண்டுராஸ் ரசிகர்கள் அடிபட்டார்கள். அந்தச் செய்தி ஊர் போய்ச் சேர்ந்ததும் ஹோண்டுராஸில் சால்வடோர்க்காரர்களின் வீடுகளும் கடைகளும் தாக்கப்பட்டன. இரண்டு நாட்டுப் பத்திரிகைகளும் ரேடியோவும் எண்ணெய் ஊற்றின. ஆனால் அடிவாங்க வேண்டியவன் யார் என்ற பட்டியலை மைதானம் எழுதவில்லை. அரசு ஏப்ரலிலேயே எழுதி வைத்திருந்தது.

சரி, இந்த இரு அணிகளின் பகைதான் போரை மூட்டியது என்றால் அந்தப் பகை பிறகும் போர் மூட்டியிருக்க வேண்டுமல்லவா? 1980 அக்டோபரில் லிமாவில் சமாதான ஒப்பந்தம் கையெழுத்தானது. அடுத்த வருடம் 1982 உலகக் கோப்பைக்கான இறுதித் தகுதிச் சுற்று, அதே தெகுசிகல்பாவில். ஹோண்டுராஸ், எல் சால்வடோர் ஆட்டம் 0-0. ஹோண்டுராஸ் தகுதி பெற்றுவிட்டது. மிச்சம் ஒரே இடம். கடைசி ஆட்டத்தில் மெக்சிகோ ஹோண்டுராஸை ஜெயித்தால் மெக்சிகோவுக்கு, இல்லையென்றால் எல் சால்வடோருக்கு. ஹோண்டுராஸ் அந்த ஆட்டத்தை டிரா செய்தது. பன்னிரண்டு வருடத்துக்கு முன் குண்டு வாங்கிய தலைநகரிலிருந்து எல் சால்வடோர் ஸ்பெயினுக்கு டிக்கெட் வாங்கிக்கொண்டு போனது. ஸ்பெயினில் அந்த அணியின் பயிற்சியாளர் யார் தெரியுமா? அஸ்டெகாவில் அந்த கோலை அடித்த பிப்போ ரோட்ரிகெஸ்.

2009-ல் இன்னொரு தடவை. சான் சால்வடோரில் ஹோண்டுராஸ் 1-0 என ஜெயித்தது. அதே இரவு அமெரிக்கா கடைசி நொடிகளில் கோஸ்டா ரிகாவோடு சமன் செய்ய, இருபத்தெட்டு வருடத்துக்குப் பிறகு ஹோண்டுராஸ் உலகக் கோப்பைக்குள் நுழைந்தது. பகை இருந்தது, வசவும் இருந்திருக்கும். டாங்கி எதுவும் எல்லை தாண்டவில்லை.

இடையில் நடந்ததைச் சொல்லாமல் விட முடியாது. 1969-ல் துரத்தப்பட்டுத் திரும்பியவர்களுக்கு எல் சால்வடோரில் நிலம் கிடைக்கவில்லை. ஹோண்டுராஸ் என்ற வடிகாலும் அடைபட்டது. 1980-ல் உள்நாட்டுப் போர் முழுசாக வெடித்து 1992 வரை நடந்தது. சுமார் 75,000 பேர் செத்தார்கள். 1969-ல் தள்ளிப்போட்ட கேள்விதான் வட்டியோடு திரும்பி வந்தது. அந்தப் போருக்கு யாரும் விளையாட்டுப் பெயர் வைக்கவில்லை, அதனால் துணுக்குகளிலும் அது இல்லை.

வரலாற்றாசிரியர் தாமஸ் ஆண்டர்சன் 1969 பற்றிய தன் புத்தகத்துக்கு, எல்லாம் பறிக்கப்பட்டவர்களின் போர் என்று பொருள்படும்படி பெயர் வைத்தார். அதை நாம் எடுத்துக்கொள்ளலாம். அது நீளம் என்றால் 'நிலப் போர்' என்று சொல்லுங்கள். அடுத்த உலகக் கோப்பையின்போது யாராவது அந்தத் துணுக்கை அனுப்பினால், எமோஜி போடும் முன் ஒரே ஒரு கேள்வி கேளுங்கள்: அந்த 3 லட்சம் பேர் உழுத நிலம் கடைசியில் யார் கைக்குப் போச்சு?