பூஜ்யமும் வெற்றிடமும்

மழைமானியில் துளி நீரும் இல்லையெனில் களப்பணியாளர் தமது ஏட்டில் 0.0 என்று எழுதுகிறார். நோயுற்று மானியையே பாராத நாளில் அவ்விடத்தில் ஒரு கோடு இழுக்கிறார். இரண்டும் ஒன்றல்ல என்பதை அவருக்கு எவரும் கற்பிக்க வேண்டுவதில்லை. ஆனால் அவ்விவரம் ஏ.பி.ஐ. எனப்படும் இணைப்பின் வழியே ஒரு கணிப்பொறியிலிருந்து மற்றொன்றுக்குச் செல்லுங்கால் இவ்வேறுபாடு மறைந்துவிடக் கூடும். இது யந்திரத்தின் குற்றமன்று. மறுமொழியின் வடிவத்தை வகுத்தவரின் அசிரத்தையே.

இன்று பெரிதும் வழங்கும் வடிவம் ஜேசன் என்பது. 2017-இல் வெளியான ஆர்.எப்.சி. 8259 என்னும் ஆவணம் அதன் விதிகளைக் கூறுகிறது. மதிப்பு ஏதுமில்லை என்பதை உணர்த்த 'நல்' என்ற தனிக் குறி அதில் உண்டு. களப்பணியாளரின் கோட்டுக்கு ஈடானது அதுவே. அதனை விடுத்து 0 என்று அனுப்பினால், ஏழு நாள் அளவெடுக்கப்படாத நிலையம் ஏழு நாள் வறண்ட நிலையமாகிவிடும். விடுபட்ட இடத்தில் -999 என்று இடும் பழைய வழக்கம்கூட இதனினும் மேலானது; சராசரி மழை பூஜ்யத்துக்குக் கீழே இறங்கினால் எவருக்கும் ஐயம் பிறக்கும். பொய்ப் பூஜ்யமோ ஐயத்தை எழுப்புவதேயில்லை. மழையளவை வைத்துப் பயிர்க் காப்பீடு கணக்கிடப்படும் இடத்தில், பெருமழையால் பயிரிழந்த உழவருக்கு இழப்பீடு மறுக்கப்படுவதற்கு அதுவே ஏதுவாகலாம்.

நேரத்தைப் பற்றியும் ஒரு சொல். இந்தியாவில் அன்றாட மழை காலை 8:30 மணிக்கு அளக்கப்படுகிறது. உலகப் பொது நேரப்படி அது 3:00 மணி. ஜேசனில் தேதிக்கெனத் தனி வகை இல்லாமையால், +05:30 என்ற குறிப்பையும் சேர்த்தே அனுப்புதல் வேண்டும். அது விடுபடின், பெறுவோர் அதனை உலக நேரமெனக் கொண்டு பிற்பகல் 2:00 மணியாக்கி விடுவர்.

இதனினும் பெரும் பிழை வேறொன்றுண்டு. இல்லாத நிலையத்தின் எண்ணைக் குறித்து வந்த வேண்டுகோளுக்கு, 'வெற்றி' எனப் பொருள்படும் 200 என்ற குறியுடன் வெற்றுப் பட்டியலை அனுப்புகின்றனர். 404 என்ற குறி இதற்கென்றே உள்ளது. பிழையின் காரணத்தை விளக்கும் முறையையும் 2023-இல் ஆர்.எப்.சி. 9457 வகுத்துள்ளது. இவ்வளவு இருந்தும் 200 என்று அனுப்புவது, முகவரி தவறிய கடிதத்தைச் சேர்ப்பித்ததாகக் கையொப்பமிடுவதற்கு ஒப்பாகும்.

ஆகவே வடிவத்தை வகுப்போர் முதற்கண் களப்பணியாளரின் ஏட்டைப் புரட்டிப் பார்த்தல் நலம். ஆசிரியர்களுக்கோ இதனை விளக்கக் கணிப்பொறியும் வேண்டா. மதிப்பெண் பட்டியலில் தேர்வுக்கு வராத மாணவனையும் பூஜ்யம் பெற்ற மாணவனையும் காட்டினால் போதும்.