சிரித்தது யார், பழி யாருக்கு?

கூடத்தில் சொல்லக்கூடிய ஹாஸ்யம் ஒரு ரகம். கொட்டகையில் மட்டும் சொல்லக்கூடியது இன்னொரு ரகம். இரண்டாவது ரகம் அச்சில் ஏறுவதில்லை. ஆனாலும் அதற்கு ஆயுசு கெட்டி! ஒரு விதூஷகன் வாயிலிருந்து அடுத்தவன் வாய்க்குப் போய், தலைமுறைகளைத் தாண்டி வாழ்ந்துகொண்டே இருக்கிறது.

அமெரிக்காவில் இப்படி ஒரு ஹாஸ்யம் ரொம்பப் பிரசித்தம். 'அரிஸ்டோகிராட்ஸ்', அதாவது 'பிரபுக்கள்' என்று அதற்குப் பெயர். ஒரு குடும்பம் நாடக ஏஜண்டிடம் போய்த் தங்கள் ஆட்டத்தை வர்ணிக்கிறது. ஆரம்பமும் முடிவும் மாறாது; நடுவில் எத்தனை விரசமாக வேண்டுமானாலும் சொல்பவர் கட்டிக்கொள்ளலாம். ஹாஸ்ய நடிகர்கள் தங்களுக்குள் சொல்லி வந்த இதை வைத்து 2005-ல் ஒரு சினிமாவே எடுத்துவிட்டார்கள்.

நமக்கு இது புதிதா, என்ன? வ. புதுப்பட்டி போன்ற ஊர்களில் கோயில் திருவிழாவுக்கு ஸ்பெஷல் நாடகம் பார்த்தவர்களைக் கேளுங்கள். சங்கரதாஸ் சுவாமிகளின் 'வள்ளி திருமணம்' போட்டிருப்பார்கள். நடிகர்கள் தனித்தனியாகப் பேசி அமர்த்தப்பட்டு வருகிறவர்கள், ஒத்திகை கிடையாது. கதை எல்லோருக்கும் மனப்பாடம். இரவு பத்து மணி சுமாருக்கு ஆரம்பித்தால் முடிவதற்குள் பொழுது விடிந்துவிடும்.

கதை தொடங்குமுன் பபூனுடைய ராஜ்யம். முதலில் தனியாகப் பேசுவார். பிறகு டான்ஸ் ஆடும் பெண்ணோடு ஆட்டம், பாட்டு, வாய்ச் சண்டை. பேச்சு அப்படி இப்படிப் போகும். 'நானா சொன்னேன்? அவன் சொன்னான்' என்று பழியை இன்னொருவன் தலையில் போட்டுத் தப்பித்துக்கொள்வார். ஆண்கள் பக்கம் விசில் பறக்கும். பெண்கள் பக்கமோ, முந்தானை வாயை மூடும். தோள் மட்டும் குலுங்கும்!

விடிந்ததும் நடப்பதுதான் வேடிக்கை. பபூன் கெட்டிக்காரர் என்று பெயர் வாங்குவார். எதிரே நின்று ஆடியவளுக்கோ, 'நாடகக்காரி' என்ற ஏச்சு. பேசியது அவர், மானம் போனது இவளுக்கு!

ஸூசன் ஸைஸர் என்ற அமெரிக்க மாது மதுரையில் தங்கி இந்த நடிகர்களோடு பழகி, 2005-ல் ஒரு புத்தகம் வெளியிட்டார். மேடையை விட்டு இறங்கியதும் அடக்கமான குடும்பப் பெண்ணாகவே நடந்துகொள்ள இந்த நடிகைகள் எவ்வளவு பாடுபடுகிறார்கள் என்று விவரமாக எழுதியிருக்கிறார். ஊரார் வாய்க்குப் பயந்து நடிப்பதும் ஒரு நடிப்புத்தானே? அதற்குக் கைதட்டுவார் யார்?

விரசம் இல்லாவிட்டால் கூட்டம் சிரிக்காது என்று சொல்வதும் சரியில்லை. 1957-ல் மறைந்த கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனும் நாடகக் கம்பெனியிலே வளர்ந்தவர்தான். சினிமாவில் அவர் ஒன்று சொன்னால், டி.ஏ. மதுரம் ஒன்பது சொல்லுவார். அங்கே பெண் ஹாஸ்யத்துக்குப் பாத்திரமாக நிற்கவில்லை, பங்காளியாக நின்றாள். வீடு முழுவதும் சேர்ந்து சிரித்தது.

சகோதரிகளே, கொட்டகையில் சிரித்தது பாவம் என்று நான் சொல்லவில்லை. சிரித்துவிட்டு, அவளைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொள்கிறோமே, அதுதான் அநியாயம். விடியற்காலை பஸ்ஸில் கண் சிவந்து, துணிப்பையை மடியில் இடுக்கிக்கொண்டு ஒருத்தி உட்கார்ந்திருந்தால், பக்கத்தில் உட்காரத் தயங்காதீர்கள். ராத்திரி எழுந்த சிரிப்பில் நமக்கும் பங்கு உண்டு அல்லவா?