செஞ்சோற்றுக் கடனும் யாகுசாவும்

ஜப்பானிய நிழலுலகத்தாரான யாகுசாக்கள் தம் அறநெறியை ‘ஜிங்கி’ என்பர். மானமும் மனிதமும் கலந்த சொல் அது. 1960களில் தோயெய் நிறுவனம் எடுத்துக் குவித்த படங்களில், அந்நெறிக்காகவே வாளேந்திச் சென்றார் கென் தகாகுரா. அதே நிறுவனத்துக்காக 1973இல் கின்ஜி ஃபுகாசாகு இயக்கிய படத்தின் தலைப்போ, ‘ஜிங்கி அற்ற போர்’ என்று பொருள்படுவது. சிறையில் ஒரு யாகுசா எழுதிய குறிப்புகளே அதன் மூலம்.

அணுகுண்டுப் புகையோடு படம் தொடங்குகிறது. 1946, ஹிரோஷிமாவை அடுத்த குரே துறைமுகத்தின் கள்ளச்சந்தை. போரிலிருந்து மீண்ட ஹிரோனோ, யமமோரி என்னும் தலைவனின் மதுக்கோப்பையைப் பெற்று அவனுக்கு ‘மகன்’ ஆகிறான். அந்தத் தந்தை செய்வதெல்லாம் அழுவதுதான். அவன் அழ, பிள்ளைகள் கொலை செய்துவிட்டுச் சிறைக்குப் போகிறார்கள். அடியாட்களிடம் பறித்த போதைமருந்தை அவனே மறைவில் விற்கிறான். தட்டிக்கேட்ட சகாய் பொம்மைக் கடையில் சுட்டுக் கொல்லப்படுகிறான்.

எவருக்கும் விசுவாசமில்லாத உலகின் கதை என்று இப்படத்தைச் சொல்பவர்கள் உண்டு. நமக்கு அதில் உடன்பாடில்லை. ஹிரோனோவிடம் விசுவாசம் மிகுதியாகவே இருக்கிறது. அதுதான் யமமோரியின் மூலதனம். துரோகம் மேலிருந்து கீழே வருகிறது. பதினைந்து வயதில் ஆயுதத் தொழிற்சாலையில் வேலைக்கு நிறுத்தப்பட்டு, குண்டுவீச்சில் மாண்ட தோழர்களின் உடல்களை அகற்றியவர் ஃபுகாசாகு. அரசு கேட்ட விசுவாசத்தின் விலையை அவர் கண்ணால் கண்டவர்.

இறுதியில், சகாயின் நீத்தார் சடங்கில் அவனைக் கொல்வித்தவர்களின் பெயர் தாங்கிய படையல்கள் வரிசையாக நிற்கின்றன. ஹிரோனோ அவற்றைச் சுட்டுச் சிதறடிக்கிறான். துப்பாக்கியில் இன்னும் குண்டு இருக்கிறது என்று யமமோரியிடம் சொல்லிவிட்டுப் போகிறான். ஆனால், அவனைச் சுடவில்லை. நன்றிக்கடன் அப்போதும் அவன் கையைக் கட்டியிருந்ததாகவே நமக்குத் தோன்றுகிறது.

கும்பகர்ணனையும் கர்ணனையும் காட்டிச் செஞ்சோற்றுக் கடனைப் பல்லாண்டுகளாக வகுப்பில் போற்றி வருகிறோம். அழகாக எழுதிய மாணவர்க்கு மதிப்பெண்ணும் தருகிறோம். உண்டவனின் கடன் பற்றியே கேட்ட நாம், சோறிட்டவன் உண்டவனுக்குப் பட்ட கடன் யாது என்று ஒருமுறையும் வினாத்தாளில் கேட்டதில்லை. வரும் பருவத்தில் கேட்க வேண்டும்.