சும்மா உட்கார்ந்திருக்கும் குமாஸ்தா

‘கவர்மெண்ட் ஆபீசில் பாதி நேரம் சும்மாதான் உட்கார்ந்திருக்கிறார்கள்.’ இதைச் சொல்லாத மனிதரை நான் இன்னும் பார்க்கவில்லை. பாதி நேரம் என்பது பொய். மணிக்குப் பத்து நிமிடம் என்றால் ஒப்புக்கொள்கிறேன். அந்தப் பத்து நிமிடம் உட்கார்ந்திருக்கத்தான் வேண்டும் என்பது என் கட்சி.

கணக்கைப் பாருங்கள். ஒரு மேஜை, ஒரு குமாஸ்தா. ஆளுக்குச் சராசரி 5 நிமிட வேலை. மணிக்கு 12 பேரை அனுப்பலாம். 10 பேர் வந்தால் 10 நிமிடம் மிச்சம். உடனே மேலதிகாரி, இன்னும் ஒருவரைச் சேர்த்துக் கொடு என்கிறார். நியாயமாகத்தான் தெரியும்.

ஆனால் ஜனங்கள் மணியடித்தாற்போல் வருவதில்லை. கால் மணி நேரம் ஒருவரும் இருக்கமாட்டார்கள். பிறகு நாலு பேர் சேர்ந்தாற்போல் நிற்பார்கள். ஒருவருக்கு 2 நிமிடத்தில் முடியும். பிறப்புச் சான்றிதழில் ஒரு பெயரும் ரேஷன் கார்டில் ஒரு பெயருமாக வருகிறவருக்கு 20 நிமிடம் பிடிக்கும். இப்படி ஏறுமாறாக நடக்கிற இடத்துக்கென்றே ஒரு சூத்திரம் இருக்கிறது. அதில் போட்டால், மணிக்கு 9 பேர் வரும்போது ஒருவர் காத்திருப்பது சராசரி 15 நிமிடம். 10 பேர் என்றால் 25. 11 பேர் என்றால் 55! 12 பேர் வந்தால் வரிசைக்கு எல்லையே கிடையாது, நீண்டுகொண்டே போகும்.

குமாஸ்தாவின் 5 நிமிடத்தை மிச்சம் பிடிக்கப் போய், 11 பேருக்கும் ஆளுக்கு அரை மணி கூடுதலாக நிற்கிற தண்டனை. குமாஸ்தாவின் சம்பளம் பில்லில் ஏறும். கூலியை விட்டுவிட்டு வந்து நிற்பவரின் நேரம் எந்த ரிஜிஸ்டரிலும் ஏறாது. நான் வேலை பார்த்த ஓர் ஆபீசில் இப்படித்தான் கடிகாரத்தோடு வந்து ஒரு மேஜையை எடுத்துவிட்டுப் போனார்கள். வராந்தாவில் பெஞ்சு போட்டார்கள். அது போதாமல் இன்னொரு பெஞ்சு போட்டார்கள்.

இது புதுக் கண்டுபிடிப்பு இல்லை. கோபன்ஹேகன் டெலிபோன் கம்பெனியில் இருந்த எர்லாங் என்பவர், எத்தனை அழைப்புக்கு எத்தனை லைன் வேண்டும் என்று 1909-லிருந்தே கணக்குப் போட்டு எழுதியிருக்கிறார். அவர் பிடித்துக்கொண்டது பிரெஞ்சுக்காரர் புவாசோனின் பெயரில் வழங்கும் பகிர்வு. (கியூ என்பதும் பிரெஞ்சுச் சொல்தான். பள்ளிக்கூடத்தில் நாங்கள் அதை ‘வால்’ என்று படித்தோம். எங்கே போய் ஒட்டிக்கொண்டது பாருங்கள்.) 1930 வாக்கில் பொலாசெக் இன்னொன்றைக் காட்டினார். ஒவ்வொருவருக்கும் பிடிக்கும் நேரம் எவ்வளவு தாறுமாறோ, அவ்வளவு நீளும் வரிசை. எல்லோருக்கும் சரியாக 5 நிமிடமே ஆகும் என்றால் மேலே சொன்ன 55 பாதியாகிவிடும். அதனால்தான் சிக்கல் கேஸ்களுக்குத் தனி மேஜை வேண்டும் என்று நாங்கள் அந்தக் காலத்திலேயே கேட்டோம்.

‘ஆள் போடப் பணம் எங்கே?’ என்பார்கள். சரி, பணமில்லாத வழி சொல்கிறேன். இரண்டு கவுண்டர், இரண்டு வரிசை, ஒவ்வொன்றிலும் மணிக்கு 11 பேர் என்றால் காத்திருப்பது அதே 55 நிமிடம். அதே இரண்டு குமாஸ்தாக்களுக்கு முன்னால் ஒரே வரிசை வைத்து, முதலில் காலியாகும் கவுண்டருக்கு அடுத்த ஆளை அனுப்பினால் சுமார் 26 நிமிடம். ஒரு கயிறு கட்டினால் போதும்! இதைச் செய்யாமல், கவுண்டருக்கு ஒரு டோக்கன் மெஷின் வாங்கி வைக்கிறார்கள். நின்றவர்கள் உட்கார்ந்து காத்திருக்கிறார்கள், அவ்வளவுதான்.

நம்மைப் போன்றவர்களுக்கு இது நவம்பர் மாதத்து விஷயம். உயிரோடு இருக்கிறேன் என்று எழுதிக் கொடுக்க, முதல் வாரத்திலேயே அத்தனை ஓய்வூதியர்களும் பேங்குக்குப் போய் நிற்கிறோம். 80 வயதைத் தொட்ட மத்திய அரசு ஓய்வூதியர்கள் அக்டோபரிலேயே கொடுக்கலாம் என்று 2019-இல் உத்தரவு வந்தது. நல்ல காரியம். மற்றவர்களுக்கும் கணக்கு எண்ணின் கடைசி இலக்கத்தை வைத்து ஆளுக்கொரு தேதி கொடுக்கலாம். உங்கள் கிளையில் மேனேஜரிடம் இப்போதே ஒரு வெள்ளைத் தாளில் எழுதிக் கொடுங்கள். கொடுத்ததற்கு அத்தாட்சியாக நகலில் சீல் வாங்கிக்கொள்ளுங்கள்.